சுரண்டைக்காரரின் குரல்

டி.ஜி.எஸ். தினகரனைப் பற்றி நம் பக்கத்தில் இரண்டு விதமாகத்தான் பேசுகிறார்கள். ஒரு சாரார் கண்ணீர் மல்கப் பேசுவார்கள். இன்னொரு சாரார் அவர் மாதிரியே கையை நீட்டிக் குரலைத் தழுதழுக்கவைத்து நடித்துக் காட்டுவார்கள். நான் கிறிஸ்தவன் அல்ல. நெல்லையப்பர் கோயில் மணிச் சத்தத்தில் கண் விழித்து வளர்ந்தவன். ஆனாலும் அவரை ஒரு பாட்டுக்காரராக, தொலைக்காட்சியில் பேசத் தெரிந்த மனிதராக வைத்துக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும் என்று நெடுநாளாக எண்ணம்.

பாவூர்சத்திரத்துக்கு வடக்கே இருக்கிற சுரண்டையில் 1935 ஜூலை 1-ஆம் தேதி பிறந்தவர். அன்றைக்கு அது திருநெல்வேலி ஜில்லா. 2019-க்குப் பிறகு தென்காசி மாவட்டம். வாலிப வயதில் வேலை கிடைக்காமல், உயிரை விட்டுவிட ரயில் பாதைக்குப் போனதையும், வழியில் மாமா ஒருவர் தடுத்துப் பேசியதையும் அவரே மேடைக்கு மேடை சொல்லியிருக்கிறார். அது 1955. பிறகு ஸ்டேட் பாங்க் உத்தியோகம். பகலில் லெட்ஜர், மிச்ச நேரத்தில் பிரசங்கம் என்று பல வருஷம் ஓட்டினார். எழுபதுகளில் வானொலிக்கு வந்தார். தனியார் தொலைக்காட்சிகள் வந்த பிறகு அந்தக் கோட்டும் டையும் கண்ணாடியும் வீட்டுக் கூடத்துக்கே வந்துவிட்டன.

அவர் சாரீரம் கச்சேரிச் சாரீரம் அல்ல. சுருதி சுத்தம் பார்க்கிறவர்கள் முகம் சுளிப்பார்கள். பேசிக்கொண்டே வருவார், சட்டென்று இரண்டு வரி பாடுவார், மறுபடி பேச்சுக்கு வந்துவிடுவார். எங்கே பேச்சு முடிந்தது, எங்கே பாட்டு தொடங்கியது என்று தெரியாது. பாட்டுக்காக அவர் பாடவில்லை. எதிரே இருக்கிறவர் மனசு இளகட்டும் என்று பாடினார். நம் ஊர் வில்லுப்பாட்டுப் புலவர்கள் கதைக்கு நடுவே இழுத்துப் பாடுவார்களே, ஏறக்குறைய அந்த வித்தைதான். ஆயிரம் பேர் கூட்டத்தில் ஒருவர் பெயரைச் சொல்லி அழைப்பார். தொலைக்காட்சியிலும் அப்படியே. அந்தப் பெயருள்ளவர் எந்த ஊரில் உட்கார்ந்திருந்தாலும் நெஞ்சு திக்கென்று அடித்துக்கொள்ளும். (குணமாகிற விஷயத்தில் நான் டாக்டரைத்தான் நம்புவேன். அது வேறு வழக்கு.)

நம் தாமிரபரணிக் கரைக்கு இந்தச் சங்கதி புதிதும் அல்ல. வேதநாயகம் சாஸ்திரியார் 1774-ல் பிறந்தது திருநெல்வேலியில்தான். சிறு பையனாக இருந்தபோதே சுவார்ட்ஸ் ஐயர் தஞ்சாவூருக்கு அழைத்துப் போய்விட்டார். நம் குற்றாலக் குறவஞ்சி வழியிலே பெத்லகேம் குறவஞ்சி பாடினவர். ராகம், தாளம், பல்லவி, அனுபல்லவி எல்லாம் போட்டுக் கிறிஸ்துவைப் பாடியவர். 1864 வரை இருந்தார். அவர் கீர்த்தனைகள் இன்றைக்கும் தேவாலயங்களில் கேட்கின்றன. அவரிடம் இருந்த சங்கீத ஞானம் தினகரனிடம் இல்லை. தினகரனிடம் இருந்த மைக்கும் கேமராவும் அவருக்குக் கிடைக்கவில்லை.

தினகரன் வாழ்க்கையில் என்னைத் தொட்ட இடம் 1986. அந்த வருஷம் அவருடைய மகள் சாலை விபத்தில் இறந்துபோனாள். அதே வருஷம்தான் கோயம்புத்தூர் பக்கம் காருண்யா பொறியியல் கல்லூரி தொடங்கியது. பெற்ற பிள்ளையைப் பறிகொடுத்த தகப்பன், மறுபடி மேடை ஏறி அடுத்தவர் துக்கத்துக்கு ஆறுதல் சொல்ல வேண்டும். அந்தச் சோகத்தை அவர் மறைக்கவும் இல்லை. கேலி செய்கிறவர்கள் இந்த ஒன்றை மட்டுமாவது யோசிக்கலாம். 2008 பிப்ரவரி 20-ல் சென்னையில் காலமானார்.

இனி நான் சொல்ல வந்த விஷயம். பாளையங்கோட்டையில் எங்கள் தெருவில் பாதி வீடுகளில் வயதானவர்கள் மட்டும்தான் இருக்கிறார்கள். பிள்ளைகள் பெங்களூர், மஸ்கட், டல்லாஸ். காலை ஐந்தரைக்கு டி.வி.யைப் போட்டால் ஒரு குரல் "கவலைப்படாதே" என்கிறது. அன்றைக்கு அந்த வீட்டில் முதலில் கேட்கிற மனுஷக் குரல் அதுதான். இந்துவோ, முஸ்லிமோ, கிறிஸ்தவரோ, எல்லா வீட்டிலும் இதே நிலைதான். சேனல்தான் வேறு. இதைப் பார்த்து "ஆச்சிக்கு வேலையில்லை" என்று பேரன் சிரித்தால் எனக்குக் கோபம் வரும்.

ஆனால் இதற்கு இன்னொரு பக்கமும் உண்டு. நான் தபால் ஆபீஸில் கவுண்டரில் இருந்தவன். மாதம் பிறந்தால் பென்ஷன் வாங்கின கையோடு மணியார்டர் பாரம் கேட்பார்கள். பழனிக்குப் போகும், வேளாங்கண்ணிக்குப் போகும், நாகூருக்குப் போகும், டி.வி.யில் ஜெபிக்கிற பல ஊழியங்களுக்கும் போகும். நூறு ரூபாய்க்கு ஐந்து ரூபாய் கமிஷன். கண் தெரியாதவர்களுக்கு நானே எழுதிக் கொடுப்பேன். கூப்பனில் துண்டு இடம்தான் இருக்கும். அதற்குள் "மகளுக்கு வரன் அமைய", "மகன் குடியை விட" என்று முழு வாழ்க்கையையும் அடக்கச் சொல்வார்கள். அந்தப் பணத்தை வேண்டாம் என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை, சொன்னதும் இல்லை.

தனியார் சேனலில் அரை மணி நேரம் சும்மா கிடைப்பதில்லை. விலை கொடுத்து வாங்க வேண்டும். வாங்கின காசை ஈடுகட்ட, பாட்டு முடிந்ததும் வங்கிக் கணக்கு எண் திரையில் ஓட வேண்டும். பாடுகிறவர் எவ்வளவு யோக்கியராக இருந்தாலும் இந்த அமைப்பு அவரைக் காணிக்கை கேட்கத் தள்ளும். எந்த மதத்துக்கும் இது பொருந்தும். கடைசியில் நல்ல குரல் உள்ளவருக்கு அங்கே இடமில்லை, நேரம் வாங்க வசதி உள்ளவருக்குத்தான் இடம்.

இங்கிலாந்தில் பிபிசி 1961 முதல் தேவாலயப் பாட்டுக்கென்றே ஒரு நிகழ்ச்சி நடத்தி வருகிறது. ஊர் ஊராகத் தேவாலயத்துக்குப் போய், சனங்கள் பாடுவதைப் படம் பிடித்துப் போடுகிறார்கள். ஆலெட் ஜோன்ஸ் என்று ஒருவர். வேல்ஸ் நாட்டில் தேவாலயப் பாடகர் குழுவில் சிறுவனாகப் பாடிப் புகழ் பெற்றவர். வளர்ந்த பிறகு அந்த நிகழ்ச்சியின் தொகுப்பாளர்களில் ஒருவரானார். பாட்டும் பாடுவார், பாடுகிறவர்களோடு பேசவும் செய்வார். திரையில் கணக்கு எண் ஓடாது.

நம்மிடமும் அந்த வழக்கம் இருந்தது. வானொலியில் காலையில் விநாயகர் பாட்டு, ஹனீபா பாட்டு, கிறிஸ்தவப் பாட்டு மூன்றும் அடுத்தடுத்து வரும். யாரும் யாரிடமும் காசு கேட்டதில்லை. திருநெல்வேலி வானொலி 1963-லிருந்து இருக்கிறது. தூர்தர்ஷனின் தமிழ்ச் சேனலுக்கு நம் பொதிகை மலையின் பேர்தான் இருந்தது. 2024-ல் அதையும் மாற்றி 'டிடி தமிழ்' ஆக்கிவிட்டார்கள். பேர் போனது போகட்டும், வாரத்துக்கு ஒரு மணி நேரம் நம் பக்கத்துப் பக்திப் பாட்டுக்கு ஒதுக்கினால் என்ன? பாடத் தெரிந்தவர் ஒருவரே ஊர் ஊராகப் போய்ப் பேசி, பாடவைத்துத் தொகுத்து வழங்கட்டும். நாசரேத்திலும் மெஞ்ஞானபுரத்திலும் கீர்த்தனை, ஆழ்வார்திருநகரியில் பாசுரம், மேலப்பாளையத்தில் முஸ்லிம் பாட்டுகள்.

பழைய மெட்டு தெரிந்தவர்கள் எழுபது, எண்பது வயதில் இருக்கிறார்கள். தேவாலயங்களில் கீபோர்டு வந்த பிறகு அவர்களை யாரும் பாடக் கூப்பிடுவதில்லை. வானொலி நிலையத்துக்கு ஒரு மனு எழுதி வைத்திருக்கிறேன். கூடவே, பாடக்கூடியவர்கள் பட்டியலையும் இணைத்தால்தான் காரியம் நடக்கும். இதுவரை பதினோரு பேர் சேர்ந்திருக்கிறார்கள். உங்கள் ஊரில் யாராவது இருந்தால் சொல்லுங்கள், பஸ் போகிற ஊராக இருந்தால் நானே வந்து பார்த்துக்கொள்கிறேன்.