ருக்மணி தேவி நம்மவர் இல்லையா?

சிங்களத்தின் முதல் பேசும்படமான ‘கடவுணு பொரொந்துவ’ (1947) நாயகி ருக்மணி தேவியின் இயற்பெயர் டெய்சி ராசம்மா டானியல்ஸ். 1923இல் றம்பொடையில் கொழும்புச் செட்டிக் குடும்பமொன்றில் பிறந்து, வெள்ளவத்தை சென்.கிளேயர்ஸில் படித்து, மினர்வா நாடக மேடையில் பெயரெடுத்தவர். இருந்தும் நமது தமிழ்க் கலை வரலாற்றில் அவருக்கு ஓர் ஓரம்கூட இல்லை. நடித்ததும் பாடியதும் சிங்களத்தில்தானே என்பார்கள். உண்மைதான், அவரைக் கொண்டாடியவர்களும் சிங்கள ரசிகர்களே. செட்டிகள் தனிச் சமூகம் என்று வாதிடுவோரும் உண்டு. ராசம்மா என்ற பெயரை அவர்கள் எங்கே வைப்பார்களோ! அந்த முதற்படத்தைத் தயாரித்தவரே எஸ்.எம். நாயகம் என்ற தமிழர், அது படமானதும் மதுரைச் சித்ரகலா ஸ்டூடியோவில். மொழியை மட்டும் அளவுகோலாக வைத்தால் நாயகத்தையும் இழப்போம். 1978இல் விபத்தில் மறைந்த ருக்மணி தேவிக்குத் தமிழ்ப் பாடநூலில் ஒரு பக்கம் ஒதுக்குவதால் சிங்களவருக்கு எதுவும் குறைந்துவிடாது.