பன்றிக்கு விலை உண்டு! தொழிலாளி உயிருக்கு?



அமெரிக்காவைச் சொர்க்க பூமி என்று முதலாளிப் பத்திரிகைகள் தம்பட்டம் அடிக்கின்றன. அந்தச் சொர்க்கத்தின் இறைச்சி ஆலைக்குள் எட்டிப் பாருங்கள்!

தெற்கு டகோட்டா மாநிலத்தில் சூ ஃபால்ஸ் நகரம். அங்கே ஸ்மித்ஃபீல்டு கம்பெனியின் பன்றி இறைச்சி ஆலை. 2020-ல் அதில் சுமார் 3,700 தொழிலாளர்கள். பிழைப்புத் தேடிப் பல நாடுகளிலிருந்து வந்தவர்கள். பேசும் மொழிகள் ஏறத்தாழ 40. தினம் சுமார் 20,000 பன்றிகள் வெட்டப்பட்டன. தோளோடு தோள் உரச நின்று, ஓடும் சங்கிலிக்கு ஈடாகக் கத்தி ஓட்ட வேண்டும். மிஷின் வேகத்தை ஏற்றினால் உடம்பு என்ன பாடுபடும் என்பது நம் பஞ்சாலைத் தொழிலாளிக்குத் தெரியாதா?

அந்த ஆண்டு மார்ச்சில் கொரோனா நுழைந்தது. பண்ணைக் கொட்டகைகளில் ஆயிரக்கணக்கில் அடைத்து வளர்த்த பன்றிகள், எடை ஏறியதும் ஆலைக்கு வந்தாக வேண்டும். ஆலை நின்றால் லாபம் நிற்கும். ஆகவே மனிதன் நிற்கக் கூடாது! ஏப்ரல் முழுதும் வேலைக்கு வந்தால் 500 டாலர் போனஸ் என்று தூண்டில் போட்டது நிர்வாகம்.

விளைவு? 1,294 தொழிலாளர்கள் நோயில் விழுந்தார்கள். 4 பேர் மாண்டார்கள்.

சர்க்கார் என்ன செய்தது? இறைச்சி ஆலைகள் ஓடியாக வேண்டும் என்று ஏப்ரல் 28-ல் உத்தரவிட்டார் ஜனாதிபதி டிரம்ப். அத்தகைய உத்தரவுக்கு முன்னதாகவே நகல் எழுதி அனுப்பியது டைசன் என்ற இறைச்சிக் கம்பெனி! 2022-ல் அமெரிக்கப் பார்லிமெண்ட் விசாரணைக் கமிட்டியே இதை அம்பலப்படுத்தியது. ஸ்மித்ஃபீல்டுக்கு விதித்த அபராதமோ 13,494 டாலர். உயிர் ஒன்றுக்கு 3,400 டாலர்கூட இல்லை!

இது ஓர் ஆலையின் கதை மட்டுமல்ல. ஐந்து பெரிய கம்பெனிகளில் முதல் ஓராண்டில் குறைந்தது 59,000 தொழிலாளர்கள் நோயுற்றார்கள்; 269 பேர் மாண்டார்கள். மலிவு இறைச்சி என்கிறார்களே, அந்த மலிவுக்கு மிச்ச விலையைக் கொடுத்தவர்கள் இவர்கள்தான்!

ஆனால் கதை இத்தோடு முடியவில்லை. 2021 ஜூனில் அதே சூ ஃபால்ஸ் தொழிலாளர்கள் சங்கத்தில் திரண்டார்கள். வேலைநிறுத்தத்துக்கு 98 சதவீதம் பேர் வாக்களித்தார்கள். நிர்வாகம் இறங்கி வந்தது. வேலைநிறுத்தம் தொடங்குமுன்பே கூலி உயர்வு ஒப்பந்தம் கைக்கு வந்தது.

சர்க்கார் காக்கவில்லை, சட்டம் காக்கவில்லை, சங்கம் காத்தது. பஞ்சாலையில் நூற்பவனே, வயலில் நாற்று நடுபவளே, இதை மறவாதீர்! மொழி நாற்பதானாலும் வர்க்கம் ஒன்றே!