சொசைட்டி நாற்காலியில் யார்?

போன ஐப்பசியில் பயிர்க்கடனுக்காக எங்க ஊர் சொசைட்டிக்குப் போயிருந்தேன். கடனில் ஒரு பங்கை உரமாகத்தான் எடுக்கணும் என்றார்கள். "ஏழு வருசமா என் வயல்ல யூரியா விழுந்ததே இல்லை தம்பி, பணமாவே கொடுங்க. எழுதிக் கொடுக்கிறேன், மேல அனுப்புங்க" என்றேன். நாற்காலியில் இருந்த தம்பி தலை நிமிரவில்லை. "வாங்கி யாருக்காவது வித்துடுங்கண்ணே. தலைவர் சொல்லாம நான் எதையும் மேல அனுப்ப முடியாது" என்றார்.

அவர் கெட்டவர் இல்லை. பன்னிரண்டு வருசத்துக்கு முன்னால் நிர்வாகக்குழுவில் இருந்த ஒருவரின் சொந்தக்காரர் என்பதால் தினக்கூலிக்கு வந்தவர். விளம்பரம் கிடையாது, நியமன ஆணை கிடையாது. இன்றுவரை நிரந்தரமும் கிடையாது. அதே தெருவில் கூட்டுறவுப் பட்டயப் பயிற்சி முடித்து, வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்து வைத்த ஒரு பெண் இருந்தார். அவருக்கு ஒரு கடிதம்கூட வரவில்லை. இப்போது திருப்பூரில் பனியன் கம்பெனியில் இருக்கிறார்.

இது எங்க ஊர்க் கதை மட்டுமல்ல. தமிழ்நாட்டுக் கூட்டுறவுச் சங்கங்களில் வேலைவாய்ப்பு அலுவலகத்தைக் கேட்காமலே ஆயிரக்கணக்கில் ஆள் எடுத்தார்கள். 1988 கூட்டுறவு விதிகளில் 149ஆம் விதி இதற்கென்றே இருந்தும் எடுத்தார்கள். 480 நாள் வேலை பார்த்திருந்தால் நிரந்தரமாக்கலாம் என்று 2001 மார்ச்சில் அரசாணை 86 வந்தது. வழக்கு சென்னை உயர்நீதிமன்றம் தாண்டி உச்ச நீதிமன்றம் போனது. 2004இல் உமாராணி வழக்கில் தீர்ப்பு வந்தது: விதியை மீறிய நியமனத்தை அரசாணையால் சரிசெய்ய முடியாது, நிரந்தரமாக்குவது ஆள் சேர்க்கும் வழியல்ல. 2006இல் கர்நாடக அரசின் உமாதேவி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வும் ஏறக்குறைய இதையே சொன்னது.

தீர்ப்பு சரி என்பதே என் கட்சி. ஆனால் அடி யார் மேல் விழுந்தது? பத்து, பதினைந்து வருசம் கணக்கு எழுதி, மூட்டை தூக்கினவர்கள் மேல். அவர்களை உள்ளே விட்டவர்கள் பதவி முடிந்து நிம்மதியாக வீட்டுக்குப் போனார்கள்.

"தெரிஞ்ச பையன் உள்ள இருந்தா நமக்குத்தானே வசதி" என்று நம்மில் பலர் சொல்கிறோம். நானும் சொன்னவன்தான். வசதி யாருக்கு என்று அன்றைக்கு உர மூட்டையோடு திரும்பும்போது புரிந்தது. தயவில் வந்தவர் தயவு காட்டியவருக்குத்தான் பதில் சொல்வார், உறுப்பினருக்குச் சொல்ல மாட்டார். என் மனுவை மேலே அனுப்பினால் தன் வேலைக்கு ஆபத்து என்று அவர் பயந்தது நியாயமான பயம்.

இப்போது மாவட்ட ஆள்சேர்ப்பு நிலையங்கள் மூலம் எழுத்துத் தேர்வு நடக்கிறது. தேர்வெழுதி வருபவருக்கு அமுதக்கரைசலும் மீன் அமிலமும் தெரிந்திருக்கும் என்று நான் சொல்ல வரவில்லை. யூரியா போடாத விவசாயியைப் பைத்தியக்காரனாகப் பார்ப்பவராகக்கூட இருக்கலாம். இருக்கட்டும். அவரிடம் நின்று, எந்த விதி என்று கேட்க முடியும்.

தேர்வு வந்தபிறகும் "தற்காலிகம்" என்ற பின்வாசல் திறந்துதான் கிடக்கிறது. சங்க ஊழியர் சம்பளம் அரசு கஜானாவிலிருந்து வருவதில்லை, நம் பங்குத்தொகையும் வட்டியும் சேர்ந்த சங்கப் பணம் அது. ஆகவே கேட்கிற உரிமை நமக்கு உண்டு. தகவல் உரிமைச் சட்டத்தில் சங்கத்தையே நேரடியாகக் கேட்பது கடினம். கேரளத்து வழக்கு ஒன்றில், இப்படிப்பட்ட சங்கங்கள் பொது அதிகார அமைப்பு அல்ல என்று 2013இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் பதிவாளர் சட்டப்படி சங்கத்திடமிருந்து பெறக்கூடிய தகவலை அவரிடம் கேட்கலாம் என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது.

நான் துணைப்பதிவாளர் அலுவலகத்துக்கு எழுதியிருக்கிறேன்: எங்கள் சங்கத்தில் அனுமதித்த பணியிடம் எத்தனை, தற்காலிகமாக இருப்பவர் எத்தனை பேர், எந்தத் தேதியில், எந்த ஆணையில் வந்தார்கள்? பதில் வந்ததும் அடுத்த பேரவைக் கூட்டத்தில் அதைப் படிப்பேன். கடனில் உரப் பங்கு வேண்டாம் என்ற மனுவையும் அங்கேயே கொடுக்கப்போகிறேன். கையெழுத்துப் போட இதுவரை பதினோரு பேர் ஒத்துக்கொண்டிருக்கிறார்கள்.