நேராப் பேசினாலும் குத்தம்

'சோதனை முயற்சியெல்லாம் சொகுசுக்காரன் சமாச்சாரம். ஒடுக்கப்பட்டவன் நேரடியாப் பேசணும்.' கூட்டத்துக்குக் கூட்டம் கேட்டுக் காது புளித்துவிட்டது. நானும் ஒரு காலத்தில் இப்படிப் பேசியவன்தான். பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் கறுப்பர்கள் பட்ட பாட்டைத் தெரிந்துகொண்ட பிறகு வாயை மூடிக்கொண்டேன்.

1982இல் சேனல் 4 தொடங்கியது. உருவத்திலும் உள்ளடக்கத்திலும் சோதனைக்கு இடம் தர வேண்டும் என்று சட்டமே சொன்னது. தொழிற்சங்க ஒப்பந்தம் வந்தது. சிறு படக்குழுக்களுக்குச் சம்பளம் கிடைத்தது. ஆனால் கறுப்பர் குழுக்களுக்கு அதில் இடம் சும்மா கிடைக்கல. 1981இல் பிரிக்ஸ்டன் தெரு எரிஞ்ச பிறகுதான் கிடைத்தது.

1985இல் பர்மிங்காமின் ஹான்ட்ஸ்வொர்த் எரிந்தது. செய்திகள் தீயைக் காட்டின, கல்லைக் காட்டின, கறுப்பு முகத்தைக் காட்டின. ஏன் எரிந்தது? அதைக் கேட்க ஆளில்லை. பிளாக் ஆடியோ ஃபிலிம் கலெக்டிவ் குழு அந்தச் செய்திப் படங்களையே எடுத்தது. ஒரு தலைமுறைக்கு முன் நம்பிக்கையோடு வந்திறங்கிய தாய் தகப்பன்களின் பழைய படச்சுருள்களோடு சேர்த்து வெட்டி ஒட்டியது. ஜான் அகோம்ஃப்ரா இயக்கிய 'ஹான்ட்ஸ்வொர்த் சாங்ஸ்' (1986) அப்படிப் பிறந்தது. நம்மைக் குற்றவாளியாக்கிய மொழியிலேயே நம் நியாயத்தை எப்படிப் பேசுவது? அந்த மொழியை உடைக்காமல் முடியாது.

அந்த ஊர்ச் சனங்களின் குரல் படத்தில் இல்லையென்று 1987இல் சல்மான் ருஷ்டி எழுதினார். இது புது மொழி தேடும் போராட்டம் என்று ஸ்டூவர்ட் ஹால் பதில் சொன்னார்.

சரி, சனங்களே பேசிய படத்துக்கு என்ன நடந்தது? டாட்டன்ஹாமில் 1985இல் நடந்த கலகத்தை செடோ குழு 'தி பீப்பிள்ஸ் அக்கவுண்ட்' என்று எடுத்தது. சுத்தி வளைக்கல. ஒளிபரப்பு ஆணையம் மாற்றச் சொன்னது, குழு மறுத்தது. சேனல் 4 காசு போட்ட படம் சேனல் 4இல் வரவே இல்லை.

ஆக, நேராப் பேசினா வெட்டு, வேற மாதிரி பேசினா 'புரியல'. குத்தம் பேச்சில் இல்லை, பேசுகிறவன் யார் என்பதில் இருக்கிறது.

1998இல் பிளாக் ஆடியோ குழு கலைந்தது. 2023இல் அகோம்ஃப்ராவுக்கு 'சர்' பட்டம் கொடுத்தார்கள், 2024இல் வெனிஸ் கலைக்காட்சியில் பிரிட்டனின் அரங்கத்தையே கொடுத்தார்கள். சந்தோஷம். ஆனால் பட்டம் ஒரு ஆளுக்கு. அன்றைக்குக் கேட்டது பட்டமா? ஒரு கூட்டமே உட்கார்ந்து படமெடுக்கச் சம்பளம், கருவி, ஊரே பார்க்கிற திரையில் ஒரு மணி நேரம். அதை எப்பத் திருப்பித் தரப்போறாங்க?