ஒப்பாரி என்னும் கலை

இனிய குரலும் முறையான பயிற்சியும் உடையோர்க்கே பாட்டு உரியது என்று பலர் கருதுகின்றனர். ஒப்பாரி இக்கருத்தை மறுக்கிறது. இசை பயிலாத சிற்றூர்ப் பெண், இறந்தவரை உறவுமுறை சொல்லி விளித்து, அவர்தம் அருமைகளை அடுக்கிப் பாடுகிறாள். பிற நாளில் வாய்விட்டுச் சொல்ல இயலாத தன் இன்னல்களையும் அப்பாட்டிலேயே வெளியிடுகிறாள். தோளணைத்து அமர்ந்த பெண்கள் உடன் பாடுகையில் அவள் துயரம் பகிரப்படுகிறது.

புறநானூற்றின் கையறுநிலைப் பாடல்களும் இறந்தோர்க்கு இரங்கிப் பாடப்பட்டவையே. அவற்றைப் போற்றும் சமூகம், ஒப்பாரியை மட்டும் நாகரிகமற்றதென ஒதுக்குவது முறையன்று. இன்று இழவு வீடுகள் சிலவற்றில் ஒலிபெருக்கி அழுகிறது. உற்றார் வாய்மூடி நிற்கின்றனர். குரல் நடுங்கலாம், சுருதி விலகலாம். எனினும், வாய்விட்டுச் சொன்ன பின்னரே பலர்க்குத் துயரம் ஆறத் தொடங்குகிறது. அவ்வாய்ப்பைத் தரும் கலையைக் காப்பது கடமையாகும்.