சிக்கிள் செல் நோயை 2047-க்குள் ஒழித்துவிடலாம்... அந்த ‘அல்லீல்’ ஒழியுமா?

சிக்கிள் செல் அனீமியாவை 2047-க்குள் ஒழிப்போம் என்று மத்திய அரசு இலக்கு வைத்திருக்கிறது. 2023 ஜூலை 1 அன்று மத்தியப் பிரதேசத்தின் ஷாடோலில் பிரதமர் மோடி தொடங்கி வைத்த திட்டம் இது. பழங்குடி மக்கள் அதிகம் வாழும் 17 மாநிலங்களில், 40 வயது வரையிலான 7 கோடி பேருக்கு ரத்தப் பரிசோதனை செய்வது இதன் முக்கிய வேலை. பட்டியலில் தமிழ்நாடும் உண்டு. இந்தியாவில் இந்தப் பாதிப்பு 1952-ல் பதிவானதே நீலகிரி பழங்குடி மக்களிடம்தான்.

பரிசோதனை செய்துகொண்டவருக்கு ஒரு அட்டை தருகிறார்கள். நோய் இருக்கிறதா, கேரியரா, எதுவும் இல்லையா என்பது அதில் தெரியும். கல்யாணத்துக்கு முன் இருவரும் அட்டையை ஒப்பிட்டுப் பாருங்கள் என்பது அறிவுரை. ‘ஒழிப்பு’ என்றதும் பலருக்கும் தோன்றுவது, கேரியர்களே இல்லாமல் போக வேண்டும் என்பதுதான். ஆனால் கணக்கு போட்டுப் பார்த்தால் கதை வேறு மாதிரி இருக்கிறது.

அல்லீல் என்றால் என்ன?

ஒரே மரபணு எல்லோரிடமும் ஒரே மாதிரி இருக்காது. அதன் வெவ்வேறு வடிவங்கள்தான் அல்லீல்கள். ரத்தத்தில் ஆக்சிஜனைச் சுமக்கும் ஹீமோகுளோபினுக்கான மரபணுவையே எடுத்துக்கொள்வோம். வழக்கமான வடிவம் ‘ஏ’. டி.என்.ஏ-வில் ஒரே ஒரு எழுத்து மாறியதால் வந்த வடிவம் ‘எஸ்’.

அப்பாவிடமிருந்து ஒன்று, அம்மாவிடமிருந்து ஒன்று என ஒவ்வொருவரிடமும் இரண்டு பிரதிகள் இருக்கும். இரண்டும் ஏ என்றால் பிரச்சினை இல்லை. ஒன்று ஏ, ஒன்று எஸ் என்றால் அவர் கேரியர். பொதுவாக ஆரோக்கியமாகவே இருப்பார். இரண்டுமே எஸ் என்றால்தான் நோய். சிவப்பணுக்கள் அரிவாள் போல வளைந்து ரத்தக் குழாயை அடைக்கும். தாங்க முடியாத வலி, ரத்தசோகை, அடிக்கடி தொற்று என வாழ்க்கையே போராட்டமாகிவிடும்.

1,000 பேர் உள்ள ஊர்

புரிந்துகொள்வதற்காக ஒரு கற்பனை ஊர். 1,000 பேர். ஆளுக்கு இரண்டு என்றால் மொத்தம் 2,000 பிரதிகள். அதில் 200 எஸ் என்று வைத்துக்கொள்வோம். அதாவது எஸ்-ன் விகிதம் 10 சதவீதம். இதைத்தான் அல்லீல் நிகழ்வெண் என்கிறார்கள்.

1908-ல் ஹார்டி, வெய்ன்பெர்க் என்ற இருவர் தனித்தனியாகக் கண்டுபிடித்த கணக்கு ஒன்று உண்டு. அதன்படி, யார் யாரைக் கல்யாணம் செய்துகொள்கிறார்கள் என்பது எஸ்-ஐப் பொறுத்து அமையாவிட்டால், இந்த ஊரில் 810 பேரிடம் எஸ் இருக்காது. 180 பேர் கேரியர். 10 பேருக்கு நோய்.

இப்போது கவனியுங்கள். நோயாளிகள் 10 பேரிடம் இருப்பது 20 எஸ். மீதி 180 எங்கே? ஆரோக்கியமாக நடமாடும் கேரியர்களிடம். கண்ணுக்குத் தெரிகிற நோய், எஸ்-ன் பத்தில் ஒரு பங்குதான்.

விகிதம் எப்போது மாறும்?

முதல் காரணம், இயற்கைத் தேர்வு. இந்த ஆபத்தான அல்லீல் ஏன் இவ்வளவு பரவியது என்ற கேள்விக்கு, 1954-ல் ஆந்தனி அலிசன் ஆப்பிரிக்காவில் விடை கண்டார்: மலேரியா. கேரியர்களுக்குக் கடுமையான மலேரியாவிலிருந்து நல்ல பாதுகாப்பு கிடைக்கிறது. ஆகவே மலேரியா தாண்டவமாடிய இடங்களில் கேரியர்கள் அதிகம் பிழைத்தார்கள். எஸ்-ம் அவர்களோடு சேர்ந்து தங்கிவிட்டது. ஆக, எஸ் ‘கெட்ட ரத்தம்’ அல்ல. ஒரு காலத்தில் உயிர் காத்த விஷயம்.

இரண்டாவது, தற்செயல். 100 முறை நாணயத்தைச் சுண்டினால் தலையும் பூவும் கிட்டத்தட்ட சமமாக விழும். நான்கு முறை என்றால் நான்குமே தலையாக விழலாம். சில நூறு பேர் மட்டுமே உள்ள சமூகத்திலும் இப்படித்தான். எந்தக் காரணமும் இல்லாமலே ஒரு அல்லீல் கூடலாம், காணாமலும் போகலாம். மூன்றாவது, கலப்பு. வெளியிலிருந்து ஆட்கள் வந்து சேர்ந்தாலும் விகிதம் மாறும்.

சொந்தத்தில் கல்யாணம் செய்வதால்? இங்கேதான் பலரும் குழம்புவார்கள். மாமன் மகள், அத்தை மகன் கல்யாணம் மட்டும் அல்லீலின் விகிதத்தை மாற்றாது. ஆனால் இரண்டு எஸ் ஒரே குழந்தையிடம் சேரும் வாய்ப்பைக் கூட்டிவிடும். அதே 200 எஸ்தான். நோயாளிகள் மட்டும் 10-ஐத் தாண்டுவார்கள்.

அட்டை என்ன செய்யும்?

கேரியரும் கேரியரும் கல்யாணம் செய்தால், ஒவ்வொரு பிரசவத்திலும் குழந்தைக்கு நோய் வர 25 சதவீத வாய்ப்பு. கேரியருக்கும் எஸ் இல்லாதவருக்கும் பிறக்கும் குழந்தைக்கு இந்த நோய் வராது. ஆனால் கேரியராகப் பிறக்க 50 சதவீத வாய்ப்பு உண்டு. ஆக, எல்லோரும் அட்டை பார்த்துக் கல்யாணம் செய்தால் நோயோடு குழந்தை பிறப்பது ஒரே தலைமுறையில் கிட்டத்தட்ட நின்றுவிடும். எஸ்-ன் விகிதம்? ஏறக்குறைய அப்படியே இருக்கும்!

இன்னொரு கணக்கு. எந்தச் சிகிச்சையும் இல்லாமல், நோயாளிகள் யாருக்குமே குழந்தை இல்லை என்று வைத்தாலும், 10 சதவீதம் 5 சதவீதமாகக் குறைய 10 தலைமுறை ஆகும். சுமார் 250 ஆண்டுகள்.

இது வெறும் தாள் கணக்கு அல்ல. தலசீமியா என்ற இன்னொரு ரத்த நோயில் சைப்ரஸ் இதைப் பார்த்துவிட்டது. 1970-களில் தொடங்கிய பரிசோதனைகள், ஆலோசனை, கருவிலேயே நோயைக் கண்டறியும் வசதி ஆகியவற்றால் அங்கே நோயோடு பிறக்கும் குழந்தைகள் மிகவும் குறைந்துபோனார்கள். ஆனாலும் அங்கே சுமார் ஏழு பேரில் ஒருவர் கேரியர்.

நவீன சிகிச்சைக்கும் இதே விதிதான். 2023-ல் பிரிட்டனும் அமெரிக்காவும் அனுமதித்த ‘காஸ்ஜெவி’ என்ற மரபணுத் திருத்த சிகிச்சை, ரத்தத்தை உருவாக்கும் ஸ்டெம் செல்களை மட்டுமே திருத்துகிறது. அந்த நோயாளி நலமாக வாழலாம். பிள்ளைகளுக்குப் போவது அதே எஸ்தான்.

இதில் என்ன சிக்கல்?

‘ஒழிப்பு’ என்பதை ‘கேரியர் ஒழிப்பு’ என்று ஊர் புரிந்துகொண்டால், அட்டையே முத்திரையாகிவிடும். ‘அந்த வீட்டில் பெண் எடுக்காதே’ என்ற பேச்சு கிளம்ப எவ்வளவு நேரமாகும்? அதிலும் பாதிப்பு பெண்களுக்குத்தான் அதிகம். அமெரிக்காவில் நடந்ததும் உண்டு. கேரியர் என்ற ஒரே காரணத்துக்காக விமானப்படை அகாடமியில் சேர விடாத விதி அங்கே 1981 வரை இருந்தது.

திட்டத்தின் இலக்கு, பொது சுகாதாரப் பிரச்சினை என்ற நிலையிலிருந்து நோயை அகற்றுவதுதான். அதை அளக்க வேண்டியது கேரியர்களின் எண்ணிக்கையை வைத்து அல்ல. நோயோடு பிறக்கும் குழந்தைகள் எத்தனை பேர், ஏற்கெனவே நோயோடு இருப்பவர்களுக்கு ஹைட்ராக்ஸியூரியா மாத்திரை மலைக் கிராமம் வரை போய்ச் சேருகிறதா, வலி வந்த இரவில் பக்கத்தில் ரத்தம் கிடைக்கிறதா... இவைதான் கேட்க வேண்டிய கேள்விகள். 2047-ல் நோய் கட்டுக்குள் வந்திருக்கலாம். அப்போதும் லட்சக்கணக்கானவர்களிடம் எஸ் இருக்கும். அது திட்டத்தின் தோல்வி அல்ல.