வெறுங்காலும் பூட்ஸும்

கல்லூரிச் சஞ்சிகையின் விளையாட்டுப் பகுதியில் ஆண்டுதோறும் நாம் படிப்பது, வென்ற ஆட்டம் இத்தனை, தோற்ற ஆட்டம் இத்தனை என்னும் கணக்கேயாகும். கணக்கு வேண்டியதுதான். ஆயினும் களத்தின் எல்லைக் கோட்டுக்கு வெளியே நின்றுவிட்டவர் எத்தனை பேர் என்பது எந்த அறிக்கையிலும் ஏறுவதில்லை. அவர்களைக் குறித்தே இங்குச் சில சொல்லக் கருதுகிறோம்.

மாலை வேளையில் கோவளம் தொடங்கி மாமல்லபுரம் வழியே சதுரங்கப்பட்டினம் வரை கடலோரமாய்ச் செல்வோர், கரையேற்றிய படகுகளுக்கும் உலரும் வலைகளுக்கும் இடையே குப்பத்துச் சிறுவர் பந்தாடுவதைக் காண்பர். மணல் காலை இழுக்கும். பந்து நினைத்தபடி உருளாது. ஆகவே பந்தைக் காலைவிட்டு அகலவிடாமல் சட்டெனத் திரும்பும் வித்தை அவர்களுக்குப் பயிற்சியாளர் எவருமின்றியே கைவந்துவிடுகிறது. இவர்களுள் ஒருவன் செங்கற்பட்டு ஜில்லாவின் கல்லூரி ஒன்றில் வந்து சேருகிறான் என்று கொள்வோம். அணித் தேர்வு நாளன்று அவனுக்கு முதலில் வேண்டுவது ஆட்டத் திறமையன்று, பூட்ஸ். காலணியின்றிக் களம் புகலாகாது என்பது இக்காலத்தில் உலகெங்கும் வழங்கும் ஆட்ட விதி. மீன்பாட்டை நம்பிய வீட்டில் அதற்கெனப் பணம் ஒதுக்குவது எளிதன்று. அவன் ஒன்றும் சொல்லாமல் வேப்பமர நிழலில் நின்று வேடிக்கை பார்த்துவிட்டுப் பஸ் ஏறிவிட்டானாகில், அவனை யார் தேடப் போகிறார்கள்?

வெறுங்காலன் ஆட்டக்காரன் அல்லன் என்று நம் நாட்டார் எக்காலத்தும் எண்ணியதில்லை. 1911ஆம் வருஷத்துக் கல்கத்தா ஷீல்டுப் போட்டிகளைப் படித்தோர் இதனை அறிவர். மோகன் பகான் சங்கத்தார் அவ்வாண்டு முதற் சுற்றில் செயின்ட் சேவியர் அணியை மூன்று கோல்களால் வென்றனர். பின்னர் ரேஞ்சர்ஸ் அணியையும், ரைபிள் பிரிகேட் பட்டாளத்தையும் வென்றனர்; மிடில்செக்ஸ் பட்டாளத்தோடு முதலில் சமமாய் முடித்து, மறு ஆட்டத்தில் 3—0 என வீழ்த்தினர். ஜூலை 29ஆம் நாள் இறுதி ஆட்டம். ஈஸ்ட் யார்க்‌ஷயர் பட்டாளத்தார் முதற் கோலை அடித்தனர். மோகன் பகான் தலைவர் சிவதாஸ் பாதுரி அதனைச் சமன் செய்தார். ஆட்டம் முடியும் தறுவாயில் அபிலாஷ் கோஷ் வெற்றிக் கோலை அடித்தார். களத்தருகே இடமின்றித் தூரத்தே நின்ற திரளுக்குக் கோல் எண்ணிக்கையைக் காற்றாடிகளைப் பறக்கவிட்டுத் தெரிவித்தார்களாம்.

அந்தப் பதினொருவரில் பூட்ஸ் அணிந்து ஆடியவர் ஒருவரே. அவர் சுதீர் சட்டர்ஜி; பவானிப்பூரிலிருந்த லண்டன் மிஷன் கல்லூரியின் ஆசிரியர்; பிற்காலத்தில் குருப்பட்டமும் பெற்றவர். மிஷன் கல்லூரியாராகிய நாம் இவரை இன்னும் அதிகமாய் நினைவுகூர்ந்திருக்க வேண்டும். பூட்ஸ் அணிந்த ஆசிரியர் ஒருவரும் அணியாத பதின்மரும் ஒரே அணியாய் நின்றனர். அவர் கழற்றவும் வேண்டியிருக்கவில்லை, மற்றவர் அணியவும் வேண்டியிருக்கவில்லை.

அந்நிலை வெகுகாலம் நீடித்தது. 1948ஆம் வருஷத்து லண்டன் ஒலிம்பிக்கில், நாகர் நாட்டுப் போதகர் ஒருவரின் மைந்தரான தலிமெரென் ஆவ் தலைமையில் சென்ற நம் அணியினருள் பெரும்பாலோர் வெறுங்காலினரே. பிரான்சு அணிக்கு எதிரே இரண்டு பெனால்டிகளை வீணாக்கி, 1—2 என்றே தோற்றனர். 1950இல் உலகக் கோப்பைக்குச் செல்லாமைக்கு வெறுங்காலே காரணம் என்று சொல்லப்படும் கதையை நாம் நம்புவதில்லை. அது பின்னர்ச் சொன்ன சாக்காகவே தோன்றுகிறது. ஆனால் 1952இல் ஹெல்சிங்கியின் குளிரில் யூகோஸ்லாவியரிடம் 1—10 எனத் தோற்றது மெய். அதன்பின் பூட்ஸ் கட்டாயமாயிற்று. அது சரியான முடிவென்றே நாமும் கொள்வோம். ஆயினும் விதியை எழுதியவர்கள், பூட்ஸுக்குப் பணம் எங்கிருந்து வரும் என்பதை எழுதவில்லை.

தோல் நம் நாட்டு ஆட்டக்களத்தில் தடையாய் நின்றது இது முதன்முறையன்று. 1891இல் டின்டேல் பிஸ்கோ என்னும் பாதிரியார் ஸ்ரீநகர் மிஷன் பள்ளிக்குத் தோற்பந்து ஒன்றைக் கொணர்ந்தபோது, அங்குப் பயின்ற பிராமணப் பிள்ளைகள் தோலைத் தொட மறுத்தனர். அவர் அவர்களைத் தடிகொண்டு களத்துக்கு ஓட்டினார். பந்து முகத்தில் பட்ட ஒருவன் தீட்டாயிற்றென்று அழ, கால்வாயில் கழுவிவரச் செய்து மறுபடியும் ஆடவைத்தார். தடியை நாம் மெச்சவில்லை. ஆனால் எவனும் வெளியே நிற்கலாகாது என்று அவர் கொண்ட பிடிவாதத்தை மெச்சுகிறோம். அன்று உயர்குலத்தானை வெளியே நிறுத்திய தோல் இன்று ஏழையை நிறுத்துமாயின், அப்பிடிவாதம் இன்றும் வேண்டும்.

ஆகவே நாம் கேட்பது இது: விளையாட்டுக் கட்டணத்தில் ஒரு பகுதியைக் கொண்டு, மாணவர்க்கும் மாணவியர்க்கும் எல்லா அளவிலும் பூட்ஸ் வாங்கிக் கல்லூரியிலேயே வைக்கவேண்டும். இது தருமம் போலாகும், பிள்ளைகள் நாணுவர் என்று சிலர் கூறக்கூடும். நூல்நிலையத்தில் புத்தகம் எடுப்பவன் நாணுகிறானா? இரசாயன சாலைக்குக் கண்ணாடிக் குழாயை வீட்டிலிருந்தா கொண்டுவருகிறான்? கேட்பவனுக்கு மட்டும் கொடுத்தால்தான் அது பிச்சையாகும். ஆகையால் சொந்தமாய் வைத்திருப்பவனுக்கும் கல்லூரி ஜோடியையே கொடுக்கவேண்டும்.

இன்னும் ஒன்று. மணலில் விரிந்து பழகிய பாதம் ஒரே நாளில் பூட்ஸுக்குள் அடங்காது. கொப்புளம் எழும், பந்தின் மேலிருந்த உணர்வும் சில காலம் மழுங்கும். ஆதலின் போட்டிக்கு முந்தின வாரம் பூட்ஸ் கொடுத்துப் பயனில்லை. கல்லூரி திறக்கும் முதல் வாரத்திலேயே அந்த அறையின் கதவைத் திறந்துவைக்க வேண்டும்.